கரியாலை நேரில் பார்த்தவர்கள் எழுதுங்கள்

குவாலியரிலிருந்து:

வேலை மாற்றலாகி இங்கே வந்து மூன்று வருஷம் ஆகிறது. போன பிப்ரவரியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை தோல்பூர் பக்கம் போய்ச் சம்பல் ஆற்றில் படகு ஏறினேன். சம்பல் என்றாலே கொள்ளைக்காரர்கள் பேச்சுதான் நம் ஊரில். போய்ப் பார்த்தால் இடுப்பளவு ஆழத்தில் கிடக்கிற கூழாங்கல்லை எண்ணலாம், அவ்வளவு தெளிந்த தண்ணீர். சபிக்கப்பட்ட ஆறு என்று இந்தப் பக்கத்துச் சனங்கள் காலங்காலமாக ஒதுக்கி வைத்ததால்தான் அது இப்படி இருக்கிறது என்று படகோட்டி சொன்னார்.

எஞ்சினை நிறுத்திவிட்டு மூங்கிலை ஊன்றிப் படகைத் தள்ளினார். எதிர்ப்பக்கம் மணல் திட்டில் பதினேழு கரியால்கள் வெயில் காய்ந்துகொண்டிருந்தன. தமிழில் சொம்புமூக்கு முதலை என்கிறோமே, அதுதான். நடுவில் கிடந்த ஆணின் மூக்கு நுனியில் அந்தச் சொம்பு துலக்கமாகத் தெரிந்தது. இந்தியில் கடா என்றால் பானை, அதிலிருந்துதான் கடியால், கரியால் எல்லாம் வந்தது. பத்துப் பன்னிரண்டு வயது தாண்டிய ஆணுக்குத்தான் இந்தப் புடைப்பு வரும். வாய் மூடியிருந்தும் பற்கள் அத்தனையும் வெளியே தெரிந்தன, பின்னி முடித்த கூடையின் விளிம்பு மாதிரி. நூற்றுச் சொச்சம் பல், எல்லாம் மீன் பிடிக்க. அந்த மெலிந்த தாடையை வைத்துக்கொண்டு மாட்டையோ மனிதனையோ இழுக்க அதற்கு வழியே இல்லை.

படகு கொஞ்சம் நெருங்கியதும் அந்த ஆண் தண்ணீருக்குள் இறங்கியது. நடந்து போகவில்லை. நன்றாக வளர்ந்த கரியாலுக்கு உடம்பைக் காலால் தூக்கி நிறுத்த வலு கிடையாது, வயிற்றாலேயே தள்ளிக்கொண்டு போகும். அது போன பிறகு மணலில் ஒரு சின்ன வாய்க்கால் வெட்டினாற்போல் தடம், இரண்டு பக்கமும் நகக் கீறல். அந்தத் தடத்தைப் பார்த்தபோதுதான் எனக்கு விஷயம் உறைத்தது. தரையில் நடந்து வேறு குளம், வேறு ஆறு தேடிப் போகக்கூடிய பிராணி இல்லை இது. ஓடுகிற ஆழத் தண்ணீரும் அதை ஒட்டி மணலும் இருந்தால் உண்டு, இல்லையென்றால் இல்லை. காட்டில் மிஞ்சியிருக்கிற கரியால்களில் பெரும்பாலானவை இந்த ஒரே ஆற்றில்தான் இருக்கின்றன.

வேறு யாராவது பார்த்திருந்தால் எழுதுங்கள். சின்ன விஷயமாக இருந்தாலும் பரவாயில்லை.

மதுரையிலிருந்து:

அண்ணா, நீங்கள் பார்த்தது குளிர்காலத்து ஆறு. நான் படிக்கிறபோது கூடுகளை எண்ணும் வேலைக்கு உதவியாளாகப் போய், மே கடைசியிலிருந்து ஜூலை முதல் வாரம் வரை சம்பல் கரையில் கூடாரம் போட்டு இருந்தேன். பகலில் மணலில் வெறுங்கால் வைக்க முடியாது.

மார்ச் கடைசி, ஏப்ரல் முதலில் பெண்கள் இரவில் கரையேறி, முழங்கை ஆழத்துக்குக் குழி தோண்டி முப்பது நாற்பது முட்டை இடும். முதலை இனங்களிலேயே பெரிய முட்டை இதனுடையதுதான், கோழி முட்டையைப் போல மூன்று பங்கு எடை. ஒரே திட்டில் பல பெண்கள் பக்கத்தில் பக்கத்தில் கூடு வைக்கும். குட்டி ஆணா பெண்ணா என்பதை முடிவு செய்வது மணலின் சூடு. நரியும் உடும்பும் ஒரு பக்கம் தோண்டிக்கொண்டே இருக்கும்.

ஜூன் முதல் வாரத்தில் ஒரு ராத்திரி, கூட்டுக்குள்ளிருந்து சத்தம் கேட்டது. கொய்ங் கொய்ங் என்று, மணலுக்கு அடியிலிருந்து. தாய் தண்ணீரை விட்டு ஏறி வந்து முன்னங்காலால் மணலை வாரி வாரித் தள்ளியது. டார்ச் அடிக்கக்கூடாது என்று கண்டிப்பாகச் சொல்லியிருந்தார்கள், நிலா வெளிச்சத்தில்தான் பார்த்தோம். நம் ஊர் அணைகளில் இருக்கிற மக்கர் முதலை குஞ்சுகளை வாயில் கவ்வித் தண்ணீருக்குக் கொண்டுபோகும். கரியாலின் ஒடுங்கின வாயில் அது நடக்காது. ஒரு முழத்துக்குக் குறைவான குட்டிகள் தாமாகவே இறங்கி ஓடின.

காலையில் பார்த்தால் கரையோரத் தண்ணீரில் குட்டிகள் நூற்றுக்கணக்கில், பல கூட்டுக் குட்டிகள் ஒன்றாக. பக்கத்தில் ஒரு பெரிய ஆண். அதன் தலையிலும் முதுகிலும் ஏறிக் கிடந்தன, சொம்பின் மேலேகூட ஒன்று. யாராவது நெருங்கினால் அந்த ஆண் தண்ணீரில் 'டப்' என்று ஒரு ஒலி எழுப்பும். சில நேரம் இரண்டு டப், சில நேரம் மூன்று. துப்பாக்கி என்றே முதல் நாள் நினைத்தேன்.

அதோடு முடிந்திருந்தால் சந்தோஷமாக எழுதியிருப்பேன். மழை பிடித்து, ஜூலையில் ஒரே ராத்திரியில் தண்ணீர் ஏறியது. விடிந்தபோது திட்டையே காணோம், குட்டிகளையும் காணோம். நூற்றில் ஓரிரண்டு தப்பினாலே பெரிது என்றார் கூட இருந்தவர். மூன்று வருஷம் தொட்டியில் வளர்த்து, நாலடி நீளம் வந்த பிறகு ஆற்றில் விடுவது அதனால்தான். முரேனா பக்கம் தேவ்ரியில் அந்த வளர்ப்பு மையத்தையும் பார்த்தேன். 1975இல் முதலைத் திட்டம் தொடங்கும்போது நாடு முழுக்க இருநூறுகூட இல்லை என்று கணக்கு, அங்கிருந்து இவ்வளவு தூரம் வந்ததற்கு இந்த வளர்ப்பு ஒரு காரணம். ஆனால் கொண்டுபோய் விட ஆறு வேண்டுமே அண்ணா.

கோவையிலிருந்து:

தம்பி, நீங்கள் கடைசியில் கேட்டதற்குத்தான் எழுதுகிறேன். 2007 டிசம்பரில் எட்டாவா பக்கம் வேலையில் இருந்தேன். சம்பல் யமுனையில் போய்ச் சேருவதற்குக் கொஞ்சம் மேலே. கடுங்குளிர். முதலில் ஒன்று செத்து ஒதுங்கியது என்றார்கள், ஒரு வாரத்தில் கணக்கு விட்டுப்போயிற்று. நான் பார்த்தது மூன்று. வயிறு வெளுத்து, மல்லாந்து, கரை நாணலில் சிக்கிக் கிடந்தன. ஒன்றின் பல்லில் அறுந்த வலை. குளிர்காலம் முடிவதற்குள் நூற்றுக்கும் மேல் போய்விட்டன.

அறுத்துப் பார்த்ததில் சிறுநீரகம் கெட்டு, உடம்பெல்லாம் யூரிக் அமிலப் படிவு. மனிதருக்கு வருகிற கௌட் என்ற மூட்டு வீக்க நோய் மாதிரி. யமுனையின் அழுக்கைத் தின்ற மீன் மேலே ஏறி வந்து, அதைத் தின்றதால் என்ற சந்தேகம் பலமாக இருந்தது. எந்த நஞ்சு என்று கடைசிவரை நிரூபணமாகவில்லை. இப்போதும் ஆற்று மீன் தட்டில் வந்தால் அந்த நாணல் ஞாபகம் வருகிறது எனக்கு.

சென்னையிலிருந்து:

ஐயா சொன்ன அந்தச் சாவுக்குப் பிறகு 2008இல் தொடங்கியதுதான் கரியால் சூழலியல் திட்டம். அதை நடத்துவது கிழக்குக் கடற்கரைச் சாலையில் வடநெம்மேலியில் இருக்கிற நம் முதலைப் பண்ணை அறக்கட்டளை. பாம்பு, முதலை ஆய்வாளர் ரோமுலஸ் விட்டேக்கர் 1976இல் தொடங்கிய இடம். பள்ளிச் சுற்றுலாவில் நாம் பார்த்துவிட்டு வருகிற பண்ணை, ஆயிரத்து ஐந்நூறு கிலோமீட்டருக்கு அப்பால் ஒரு ஆற்றைக் காவல் காக்கிறது. கரியால்களின் வாலில் ரேடியோ கருவி பொருத்தித் தொடர்ந்து போனார்கள். கோடையில் ஒரு மடுவில் கிடப்பது மழைக்காலத்தில் நூறு கிலோமீட்டருக்கு மேலும் போய்விட்டு வருகிறது என்பது அப்படித்தான் தெரிந்தது. அதனால் பத்து கிலோமீட்டர் ஆற்றை வேலி போட்டுக் காப்பாற்றினால் போதாது.

குவாலியரிலிருந்து:

எல்லோருக்கும் நன்றி. மதுரைத் தம்பி எழுதியதைப் படித்துவிட்டு ஏப்ரலில் மறுபடி போனேன். காந்தி சாகர் தொடங்கி கோட்டா தடுப்பணை வரை மேலே நான்கு அணை, கோடையில் வருகிற தண்ணீரே கொஞ்சம், அதிலும் பம்புசெட் போட்டு இறைக்கிறார்கள். பிப்ரவரியில் படகு போன இடத்தில் முழங்கால் தண்ணீர். விடியற்காலையில் டிராக்டர் ட்ராலிகள் மணல் ஏற்றிக்கொண்டு மேடேறுவதைக் கண்ணால் பார்த்தேன். இந்த ஆறு தேசியச் சம்பல் சரணாலயத்தில் இருக்கிறது, அதற்குள் ஒரு கூடை மணல்கூட அள்ளக்கூடாது என்பது சட்டம். டயர்த் தடத்திலிருந்து இருபது அடியில் புதிதாக மூடிய ஒரு கூடு, மேலே மணல் இன்னும் ஈரம். வனத்துறைக் காவலரிடம் சொன்னேன், வந்து முள் வைத்துச் சுற்றிக் கட்டினார்.

உத்தரப் பிரதேசத்தில் நேபாள எல்லையை ஒட்டிய கத்தர்னியாகாட் சரணாலயத்தில் கிர்வா ஆற்றுக் கரையைச் செடி மூடிவிட்டதால் மணலைக் கொட்டித் திட்டு அமைத்துக் கொடுத்தார்களாம், பெண்கள் அதிலும் ஏறி முட்டையிட்டனவாம். அதைப் பார்க்கப் போகிறேன். போனவர்கள் இருந்தால் எந்த மாதம் நல்லது என்று சொல்லுங்கள்.