எக்ஸ்ரேயில் ஒன்றும் இல்லை என்கிறார்கள், பொமரேனியனுக்கு இருமல் நிற்கவில்லை

கேள்வி (தெப்பக்குளம், மதுரை)

வணக்கம். எங்கள் ஜிம்மிக்கு 9 வயது, 8 கிலோ. 2 மாதமாக இருமல். காலையில் தெப்பக்குளத்தைச் சுற்றி நடக்கும்போது வேறு நாயைப் பார்த்துக் கயிற்றை இழுத்தால் போதும், "காக்... காக்" என்று ஆரம்பித்துவிடுவான். பால்காரர் வந்தாலும் அப்படித்தான். கடைசியில் குமட்டிக் கொஞ்சம் வெள்ளை நுரை வரும். முதலில் எலும்பு சிக்கிவிட்டது என்று பயந்து வாயைத் திறந்து பார்த்தோம். காய்ச்சல் இல்லை, நன்றாகச் சாப்பிடுகிறான். பக்கவாட்டில் ஒரே ஒரு எக்ஸ்ரே எடுத்து, நுரையீரல் சுத்தமாக இருக்கிறது, சளிதான் என்றார்கள். 2 முறை ஆன்டிபயாடிக் கொடுத்தும் குறையவில்லை. இதயமாக இருக்குமோ என்று அம்மாவுக்குத் தூக்கமே இல்லை.

பதில் (பசுமலை)

எங்கள் பொமரேனியனும் இதே சத்தம்தான், அக்கா. கழுத்துப் பட்டையை இன்றே கழற்றிவிட்டு, மார்பைச் சுற்றிப் போடும் ஹார்னஸ் வாங்குங்கள். வீட்டில் இருக்கும் இருமல் சிரப், பாராசிட்டமால் எதையும் தயவுசெய்து கொடுக்காதீர்கள்.

பதில் (கால்நடை மருத்துவர், திருமங்கலம்)

நீங்கள் சொல்வதைப் பார்த்தால் மூச்சுக்குழாய் தளர்ந்து மடங்குவது போல இருக்கிறது. குழாயைத் தாங்குவது சி வடிவக் குருத்தெலும்பு வளையங்கள். பொமரேனியன் போன்ற சிறு இனங்களில் அவை மெலிந்து, குழாய் மேலிருந்து கீழாகத் தட்டையாகிவிடும். கழுத்துப் பகுதி மூச்சை இழுக்கும்போது சுருங்கும். மார்புக்குள் இருக்கும் பகுதி விடும்போது சுருங்கும். எக்ஸ்ரே ஒரு நொடியை மட்டும்தான் பிடிக்கிறது. அந்த நொடியில் குழாய் விரிந்திருந்தால் படம் சுத்தமாகத்தான் தெரியும். அதனால் கழுத்தும் மார்பும் சேர்ந்து வரும்படி, இழுக்கும்போது ஒன்று, விடும்போது ஒன்று எடுக்கச் சொல்லுங்கள். மல்லாக்கப் படுக்க வைத்தும் ஒன்று வேண்டும்.

நுரையீரல் நோய்க்கு அடையாளம் வேறு. கிளைக்குழாய்ச் சுவர் தடித்தால், குறுக்கே தெரியும் இடத்தில் உளுந்தவடை மாதிரி வெள்ளை வளையம், நீளவாக்கில் தண்டவாளம் மாதிரி இரட்டைக் கோடு. நிமோனியா என்றால் வெள்ளையாகிப் போன பகுதிக்குள் காற்றுக் குழாய்கள் கறுப்புக் கிளைகளாகத் தெரியும்; சாப்பாடு புரையேறி வந்ததென்றால் பெரும்பாலும் முன்பக்கம், கீழ்ப்பகுதியில். ஒரு எச்சரிக்கை: குண்டான நாய்க்கு மூச்சு விட்ட நேரத்தில் எடுத்த படமும் வெளுப்பாகத்தான் வரும். அதைப் பார்த்து நிமோனியா என்று முடிவு கட்டிவிடக் கூடாது.

இதயம் பெரிதாகி இடப்பக்கக் கிளைக்குழாயை அழுத்தினாலும் இருமல் வரும். அம்மாவுக்கு ஒரு வேலை கொடுங்கள்: ஜிம்மி நன்றாகத் தூங்கும்போது ஒரு நிமிடத்துக்கு எத்தனை மூச்சு என்று எண்ணட்டும். 30-க்குள் இருந்தால் நிம்மதி. நாக்கு நீலமானாலோ, கழுத்தை நீட்டி மூச்சுக்குத் திணறினாலோ படத்துக்குக் காத்திருக்காதீர்கள், முதலில் ஆக்சிஜன்.

கேட்டவர், 6 நாள் கழித்து

நன்றி டாக்டர் சார். வேறொரு இடத்தில் நீங்கள் சொன்னபடியே எடுத்தோம். மூச்சை இழுத்த படத்தில், கழுத்து மார்புக்குள் நுழையும் இடத்தில் குழாய் பாதியாகச் சுருங்கி இருக்கிறது. விட்ட படத்தில் சரியாக இருக்கிறது. இரண்டையும் பக்கத்தில் வைத்துக் காட்டியதும் எனக்கே புரிந்தது. இதயம் அளவாக இருக்கிறதாம். அம்மா 3 ராத்திரி எண்ணினார்: 20, 22, 19. இருமலுக்கு மாத்திரை கொடுத்து, எடையைக் குறைக்கச் சொல்லியிருக்கிறார்கள். இது முழுதாகக் குணமாகுமா?

பதில் (கால்நடை மருத்துவர், திருமங்கலம்)

தளர்ந்த வளையம் பழையபடி ஆகாது, அம்மா. ஆனால் எடை குறைந்து, கழுத்தில் இழுப்பும் இல்லாமல் இருந்தால் நிறைய நாய்கள் பல வருடம் நன்றாகவே இருக்கும். வெயில் ஏறுவதற்குள் நடையை முடித்துவிடுங்கள். மதுரை வெயிலில் மூச்சு இளைக்க இளைக்கக் குழாய் இன்னும் சுருங்கும். மாத்திரையை நீங்களாக நிறுத்த வேண்டாம்.

பதில் (பசுமலை)

எடை குறைய எங்கள் வீட்டில் முதலில் நிறுத்தியது சாயங்கால பிஸ்கெட்டைத்தான் அக்கா. இரண்டு நாள் முறைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான், அப்புறம் வெள்ளரிக்காய்த் துண்டுக்குப் பழகிவிட்டான்.