ஒரே குவாசார், இரண்டு புள்ளிகள்: நேரில் பார்த்த அனுபவம்

குவாசார் என்பது வெகுதொலைவில் இருக்கும் ஒரு கேலக்ஸியின் மிகப் பிரகாசமான மையம். இரட்டைக் குவாசாரைப் படத்தில் இல்லாமல் நேரடியாகக் கண்ணால் பார்த்தவர்கள் குறைவு. அதனால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன். சப்தரிஷி மண்டலத்தின் கிண்ணத்துக்கு மேற்கே இருக்கிறது இது. பட்டியலில் கியூ0957+561 என்று தேட வேண்டும்.

குவாசார் பார்க்க ஆசைப்படுகிற எல்லோரும் முதலில் போவது கன்னி மண்டலத்தில் இருக்கும் 3சி 273க்குத்தான். நானும் அப்படித்தான் தொடங்கினேன். மேக்னிடியூட் (பிரகாச அளவு, எண் கூடக்கூட மங்கல்) 13க்குப் பக்கம் என்பதால் 8 அங்குலத் தொலைநோக்கியே போதும். 1963இல் மார்ட்டன் ஷ்மிட் என்ற வானியலாளர் அதன் நிறமாலையை (ஒளியைப் பிரித்தால் கிடைக்கும் வண்ணப் பட்டை) படித்து, நட்சத்திரம் போலத் தெரியும் அந்தப் பொருள் 200 கோடி ஒளியாண்டுகளுக்கும் அப்பால் இருக்கிறது என்று கண்டுபிடித்தார். ஆனால் ஐபீஸில் (தொலைநோக்கியில் கண் வைத்துப் பார்க்கும் வில்லை) தெரிவது வெறும் ஒரு புள்ளிதான். தெரிந்துகொண்டு பார்த்தால் சிலிர்க்கும், தெரியாமல் பார்த்தால் பக்கத்து நட்சத்திரத்துக்கும் அதற்கும் வித்தியாசம் இல்லை.

இரட்டைக் குவாசார் அப்படி இல்லை. அதன் விசித்திரமே கண்ணுக்கு நேராகத் தெரிகிறது.

நாங்கள் பயன்படுத்தியது 20 அங்குல டாப்சோனியன், அதாவது எளிய தாங்கியில் நிற்கும் கண்ணாடித் தொலைநோக்கி. அதன் சொந்தக்கார அண்ணன் முதலில் என்ஜிசி 3079 என்ற கேலக்ஸியைப் பிடித்தார். பக்கவாட்டில் நிற்கும் கேலக்ஸி என்பதால் நீளமான சாம்பல் கீற்றாகத் தெளிவாகத் தெரிந்தது. குவாசார் அங்கிருந்து முழுநிலவின் அகலத்தில் பாதி தூரம்கூட இல்லை. உருப்பெருக்கத்தைக் கூட்டிவிட்டு, "நேரா பார்க்காதப்பா, ஓரக்கண்ணால பாரு, மூச்சை இழுத்துப் பிடிக்காதே" என்றார். முதலில் ஒன்றுமே இல்லை. அப்புறம் மங்கலாக ஏதோ ஒன்று, சற்று நீண்ட மாதிரி. காற்று ஓரிரு விநாடி அசையாமல் நின்றபோது அது பிரிந்தது. இரண்டு ஊசிமுனைகள், நடுவே இருட்டு. உடனே மீண்டும் ஒன்றாகிவிட்டது. காத்திருந்தால் திரும்பவும் பிரியும். இடைவெளி 6 ஆர்க் விநாடிதான் (ஒரு டிகிரியை 3600ஆகப் பிரித்தால் ஒரு பங்கு ஒரு ஆர்க் விநாடி). வியாழனின் வட்டுக்குக் குறுக்கே இப்படி ஆறேழு இடைவெளிகளை வரிசையாக வைக்கலாம்.

அந்த இரண்டும் ஒரே பொருள். 1979இல் டென்னிஸ் வால்ஷ், ராபர்ட் கார்ஸ்வெல், ரே வேமன் மூவரும் நிறமாலை எடுத்துப் பார்த்தபோது இரண்டும் அச்சு அசலாக ஒத்திருந்தன. நடுவழியில் இருக்கும் ஒரு கேலக்ஸியின் ஈர்ப்பு ஒளியை வளைத்து இரண்டு பிம்பங்களாக்குகிறது. ஈர்ப்பு வில்லை என்று ஏட்டில் மட்டும் இருந்த விஷயத்துக்கு வானத்தில் கிடைத்த முதல் சாட்சி இதுதான். 1936இல் இதைப் பற்றி எழுதிய ஐன்ஸ்டைனே, இதை நேரில் பார்க்க வாய்ப்பில்லை என்றுதான் நினைத்தார். ஒரு நட்சத்திரம் இன்னொரு நட்சத்திரத்தை மறைக்கும் நிலையைத்தான் அவர் கணக்கில் எடுத்தார். கேலக்ஸிகள் இந்த வேலையைச் செய்யும் என்று அடுத்த ஆண்டே சொன்னவர் ஃபிரிட்ஸ் ஸ்விக்கி.

என்னை இன்னும் விடாமல் பிடித்துவைத்திருப்பது வேறொன்று. இரண்டு பிம்பங்களும் ஒரே காலத்தைக் காட்டுவதில்லை. ஒளி சுமார் 900 கோடி ஆண்டுகளுக்கு முன்பு, சூரியனே பிறக்காத காலத்தில் கிளம்பியது. வில்லையாக இருக்கும் கேலக்ஸியை மிகவும் ஒட்டி வந்த ஒளி (பி பிம்பம்) தாமதமாகிறது. எவ்வளவு தாமதம் என்பதில் பெரிய சண்டையே நடந்தது. ஒரு தரப்பு 410 நாள்களுக்குப் பக்கம் என்றது, இன்னொரு தரப்பு 530க்கும் மேல் என்றது. 1994 டிசம்பரில், முந்தி வந்துசேரும் ஏ பிம்பத்தின் வெளிச்சம் சட்டென்று குறைந்தது. சரி, இனி பி பிம்பத்திலும் அதே இறக்கம் வந்தாக வேண்டும். 1996 பிப்ரவரியில் வந்தால் முதல் தரப்பு சரி, ஜூன்வாக்கில் வந்தால் இரண்டாம் தரப்பு. பிப்ரவரியில் வந்தது. 417 நாள்கள் என்று கணக்கு முடிந்தது. வானில் நடக்கப்போவதை, ஏற்கெனவே ஒரு முறை பார்த்துவிட்டதால் முன்கூட்டியே சொல்ல முடிந்தது! ஐபீஸில் கண் வைத்திருந்த நேரம் முழுக்க இதுதான் மனதில் ஓடிக்கொண்டிருந்தது. ஒரு புள்ளியிலிருந்து பக்கத்துப் புள்ளிக்குப் பார்வையை நகர்த்தினால் ஓராண்டுக்கும் மேலாகப் பின்னால் போய்விடுகிறோம்.

பார்க்க நினைப்பவர்களுக்கு: நிலவில்லாத இரவு வேண்டும், மார்ச், ஏப்ரல் மாத முன்னிரவுகள் வசதி. இருட்டைவிடக் காற்றின் நிதானம் முக்கியம் என்பேன். காற்று அலைபாய்ந்தால் எவ்வளவு பெரிய கண்ணாடி இருந்தாலும் இரண்டாகப் பிரியாது.

எனக்கு வடக்குப் பக்கத்துப் புள்ளி, அதாவது ஏ, கொஞ்சம் தூக்கலாகத் தெரிந்தது. அண்ணனுக்கு இரண்டும் சமம். ஏற்கெனவே பார்த்தவர்கள் எது பிரகாசமாகத் தெரிந்தது என்று தேதியோடு சொல்லுங்கள், ஒப்பிட்டுப் பார்க்கலாம்.