உதவி: டில் ஊறுகாய் ஜாடித் தண்ணி கலங்கிடுச்சு, கொட்டிடவா?

தோட்டக்காரி: முதல் தடவையா டில் இலை (சதகுப்பை) வச்சு குட்டி வெள்ளரிக்கா ஊறுகாய் போட்டேன், தண்ணி கலங்கி மேல வெள்ளையா ஏதோ படர்ந்திருக்கு, ஒரு காயைக் கடிச்சா கொழகொழன்னு போகுது, சனிக்கிழமை ஆளுங்க வர்றாங்க சீக்கிரம் சொல்லுங்க

உப்புக்கல்: வினிகர் ஊத்தினதா, வெறும் உப்புத்தண்ணியா? அது தெரியாம எதுவும் சொல்ல முடியாது.

மாவடு_பிரியை: உப்பு எவ்ளோ? எந்த ஊரு?

பேஸ்மென்ட்_வாசி: அயோடின் உப்பா இருக்கும். அடிச்சு சொல்றேன், அதான் காரணம்.

கல்சட்டி: இங்க எத்தனையோ தடவை பேசியாச்சு, புதுசா வர்றவங்க தேடிப் பாக்கறதே இல்ல. அயோடினால ஒண்ணும் ஆகாது. டேபிள் சால்ட்ல கட்டி பிடிக்காம இருக்கப் போடுற பவுடர்தான் தண்ணியக் கலக்கும். காய் கொழையிறது வேற விஷயம். பூ இருந்த முனைய சீவினீங்களா? அதுல இருக்கிற என்சைம்தான் காயை மெத்துன்னு ஆக்கும், 2 மில்லிமீட்டர் சீவினா போதும்.

மல்லிகா_கிச்சன்: நான் முந்திரிகை (திராட்சை) இலை ரெண்டு அடியில போடுறனான், காய் நறுக்கெண்டு இருக்கும்.

கல்சட்டி: முனைய சீவிட்டா இலையே வேணாம்.

மாவடு_பிரியை: மேல நல்லெண்ணெய் ஊத்தி மூடுங்க, எங்க பாட்டி எல்லா ஊறுகாய்க்கும் அதான் செய்வாங்க.

உப்புக்கல்: வேணாங்க. மாவடு உப்புல ஊறி அதுவே தண்ணி விடும், உப்பும் ரொம்ப ஜாஸ்தி. இது உப்பு கம்மி, புளிச்சாதான் கெடாம இருக்கும். காய் தண்ணிக்குள்ள முங்கி இருக்கணும், மேல வெயிட் வைங்க, அவ்வளவுதான்.

மாவடு_பிரியை: பாட்டி கைப்பக்குவத்துல யாரும் செத்துப் போகலையே.

உப்புக்கல்: பாட்டிய நான் குறை சொல்லல, காய் வேறங்கறேன்.

தோட்டக்காரி: வினிகர் இல்ல உப்புத்தண்ணிதான். டொரான்டோ. உப்பு கைக்கணக்கு, ஜாடி அடுப்புப் பக்கத்துல

உப்புக்கல்: அப்ப கலங்கலுக்கு பயப்படாதீங்க, புளிக்கும்போது அப்படித்தான் ஆகும். மேல படர்ந்தது தட்டையா வெள்ளையா இருந்தா ஈஸ்ட்தான், எடுத்துப் போட்டுடலாம். ஆனா காயே கொழகொழன்னு ஆச்சுன்னா யாருக்கும் வைக்காதீங்க, கொட்டிடுங்க. அடுத்த தடவை லிட்டருக்கு 50 கிராம் உப்பு, தராசுல எடை போடுங்க, கல்லுப்பும் பொடியுப்பும் ஸ்பூனுக்கு ஒரே எடை வராது. 20-22 டிகிரி இருக்கிற இடமா பாத்து வைங்க, அடுப்புப் பக்கம் வேண்டவே வேண்டாம்.

தோட்டக்காரி: கொட்டிட்டேன். சனிக்கிழமைக்கு கடையில வாங்கிட்டேன், நன்றி

புதினா: இடையில கேக்கறேன், என் ஜாடியில பூண்டு நீலமா மாறிடுச்சு, சாப்பிடலாமா?

பேஸ்மென்ட்_வாசி: தாராளமா. புளிப்பு பட்டா பூண்டு அப்படி மாறும். ஆனா என்ன உப்பு போட்டீங்க?