வானத்தைப் பாராத நாட்காட்டி: குகை மாந்தருக்கு எப்படி அமைப்பது?

கேள்வி – குகைவாசி

நான் எழுதிவரும் தொடர்கதையின் மாந்தர் தலைமுறை தலைமுறையாக நிலத்தடிக் குகைகளில் வாழ்பவர்கள். ஞாயிறும் திங்களும் அவர்கள் அறியாதவை. மலைக்குள் உறங்கும் ஒரு தெய்வம் ஒன்பது கனவுகளை மாறிமாறிக் காண்கிறது என்பதும், எந்தக் கனவு நடக்கிறதோ அதுவே அப்போதைய மாதம் என்பதும் அவர்களுடைய நம்பிக்கை. கனவு மாறியதைப் பூசாரிப் பெண்கள் அறிவிப்பார்கள். வரைவைப் படித்த நண்பர்கள் இரண்டு குறைகளைச் சொன்னார்கள். ஆண்டே இல்லாத நாட்காட்டியை எந்தச் சமூகமும் வைத்துக்கொள்ளாது என்பது ஒன்று. கனவின் நீளம் முறைக்கு முறை மாறினால் கடன் தவணையையோ திருமண நாளையோ குறிக்க முடியாது என்பது மற்றொன்று. கனவுகளுக்கு நிலையான நாள் எண்ணிக்கை கொடுத்துவிடுவதா, இப்படியே விடுவதா?

மறுமொழி – சந்தைநாள்

முதற்குறையை நீங்கள் பொருட்படுத்த வேண்டியதில்லை. பாலித்தீவில் இன்றும் வழக்கிலிருக்கும் பவுக்கோன் நாட்காட்டி சூரியனையோ நிலவையோ நோக்காமல், வெறும் எண்ணிக்கையால் 210 நாட்களில் சுழல்கிறது. ஏழு நாள் வாரங்கள் முப்பது, ஒவ்வொன்றுக்கும் தனிப்பெயர். அவற்றோடு ஒரு நாள் வாரம் முதல் பத்து நாள் வாரம் வரை பத்து வகை வாரங்கள் ஒரே நேரத்தில் ஓடுகின்றன. மூன்று நாள் வாரத்தின் 'காஜெங்', ஐந்து நாள் வாரத்தின் 'கிளிவோன்' என்னும் நாட்கள் 15 நாளுக்கு ஒருமுறை ஒன்றாக அமையும்போது, அன்று ஆவிகள் நடமாடும் என்று கருதிப் படையல் வைக்கிறார்கள். பிறந்தநாள் சடங்கும் 210 நாளுக்கு ஒருமுறைதான். இந்தச் சுழற்சிகளுக்கு வரிசை எண் கிடையாது. ஆண்டெண் வேண்டுமென்றால் நம் நாட்டிலிருந்து அங்கு சென்ற சக ஆண்டு முறை தனியாக இருக்கிறது.

என்னை மிகவும் கவர்ந்தது அதில் உள்ள ஒட்டுவேலை. 210ஐ நான்காலும் எட்டாலும் மீதியின்றி வகுக்க முடியாது. இரண்டு நாட்கள் மிஞ்சும். அதனால் முப்பதில் பதினோராவது வாரம் வரும்போது, நான்கு நாள், எட்டு நாள் வாரங்களில் ஒரே நாட்பெயரை மூன்று நாட்களுக்குத் தொடர்ந்து சொல்லிக் கணக்கை நேர்செய்கிறார்கள். அந்த மூன்றும் கலுங்கான் என்ற பெருவிழாவுக்கு முந்திய மூன்று நாட்களே. அப்போது மூன்று பூதங்கள் இறங்கி மனிதரைச் சோதிக்கும் என்பது அங்குள்ள நம்பிக்கை. கணக்கில் பொத்தல் விழுந்த இடத்தில் பூதங்கள் வந்து உட்கார்ந்திருக்கின்றன. உங்கள் ஒன்பது கனவுகளுக்கும் வேண்டுமென்றே வகுபடாத ஓர் எண்ணைக் கொடுத்துப் பாருங்கள். மிஞ்சும் நாட்களில் கதை தானாகப் பிறக்கும்.

மறுமொழி – ஓலைச்சுவடி

நீளம் மாறுவதைக் குறையாகவே நான் எண்ணவில்லை. 1868க்கு முன்பு ஜப்பானில், அரசர் மாறும்போது மட்டுமன்றி, நற்சகுனம் தோன்றினாலும், நிலநடுக்கமோ கொள்ளைநோயோ வந்தாலும் ஆண்டுப்பெயரை மாற்றி ஒன்றிலிருந்து எண்ணத் தொடங்கினார்கள். 650இல் அரசவைக்கு ஒரு வெண்ணிற ஃபெசன்ட் கோழி கொண்டுவரப்பட்டது. அதையே சகுனமாகக் கொண்டு, அப்பறவையின் பெயரால் ஹாக்குச்சி ஆண்டுகள் தொடங்கின. நடப்பு ஆண்டுப்பெயர் எவ்வளவு காலம் நீடிக்கும் என்று ஒருவராலும் சொல்ல முடியாது. ஆயினும் அடியில் மாதமும் நாளும் தம் போக்கில் ஓடிக்கொண்டிருந்தமையால் கொடுக்கல் வாங்கல் நின்றுவிடவில்லை. உங்கள் கனவுக்கு அடியிலும் அப்படி ஒரு சிறிய, மாறாத எண்ணிக்கை ஓடட்டும்.

நீங்கள் கேட்காத ஒன்றையும் சொல்கிறேன். பழைய உரோமில் ஆண்டின் இடையே கூடுதல் மாதம் சேர்க்கும் உரிமை பூசாரிக் குழுவிடம் இருந்தது. அவர்களோ அரசியல் ஆதாயத்துக்காக அதைச் சேர்த்தும் சேர்க்காமலும் விட்டதில் கணக்கு பெரிதும் பிறழ்ந்து, அதைச் சரிசெய்ய ஜூலியஸ் சீசர் கி.மு. 46ஆம் ஆண்டை 445 நாட்கள் கொண்டதாக நீட்ட வேண்டியிருந்தது. கனவு முடிந்தது என்று அறிவிக்கும் பூசாரிப் பெண்ணிடம், தவணை நெருங்கிய கடன்காரன் ஒருவன் இரவில் வந்து நிற்கமாட்டானா?

மறுமொழி – கன்னல்

இருவரும் நாள் என்ற சொல்லைக் கேள்வியின்றி எடுத்துக்கொண்டீர்கள். விடியலே அறியாதவர்களுக்கு நாள் என்பது எது? நம் சித்தர் மரபில் இதற்கு அருமையான விடை உண்டு. ஒரு நாழிகைக்கு 360 மூச்சு, அறுபது நாழிகை கொண்ட ஒரு நாளுக்கு 21,600 மூச்சு என்பது அவர்கள் கணக்கு. உறங்கும் தெய்வத்துக்கும் மூச்சு இருக்குமல்லவா? குகையில் நீர் சொட்டுவது இயல்பு. நம் முன்னோர் நீரைக்கொண்டு நேரம் அளந்த நாழிகை வட்டிலைப் போல, ஒரு சொட்டை ஒரு மூச்சு என்று வைத்துவிடலாம்.

ஐந்து பறவைகளின் தொழிலைக் கொண்டு நல்ல நேரம், கெட்ட நேரம் பார்க்கும் பஞ்சபட்சி சாத்திரத்தைக் கையாளலாமே என்று யாரேனும் சொல்லக்கூடும். ஊண், நடை, அரசு, துயில், சாவு என்ற ஐந்தொழிற் சுழற்சி வானத்தோடு தொடர்பற்றதுபோல் தோன்றும்; ஆனால் பிறந்த நட்சத்திரத்தைக் கொண்டே ஒருவருக்குரிய பறவை அமைகிறது, வளர்பிறைக்கும் தேய்பிறைக்கும் தொழில் வரிசையும் மாறுகிறது. குகைக்குள் அது செல்லாது.

வயதைக் கணக்கிட மாயர்களின் 260 நாள் சுழற்சியைப் பாருங்கள். பதின்மூன்று எண்களும் இருபது பெயர்களும் இணைந்து நகரும் அந்தக் கணக்கைக் குவாத்தமாலா மலைநாட்டில் இன்றும் பேணுகிறார்கள். ஒரு குழந்தை கருவிலிருக்கும் காலத்தையொட்டி அந்த எண் அமைந்திருக்கலாம் என்பது அதற்குச் சொல்லப்படும் விளக்கங்களுள் ஒன்று.

குகைவாசி

மூவருக்கும் நன்றி. மூச்சை அடியளவாகக் கொண்டு, வயதை 260 நாள் கொண்ட கருக்கணக்கில் சொல்ல வைக்கிறேன். "அவள் இருபத்திரண்டு கரு கண்டவள்" என்றால் நம் கணக்கில் பதினைந்து, பதினாறு வயது வரும். கனவுகளின் நீளம் முறைக்கு முறை மாறுவதை அப்படியே விட்டுவிடுகிறேன். கடன்காரன் மூன்றாம் அத்தியாயத்திலேயே வந்துவிடுவான். இனி யோசிக்க வேண்டியது ஒன்றுதான்: கோடையில் நீர் சொட்டுவது குறைந்தால் தெய்வம் மூச்சடக்கியதாகக் கொள்வார்களா, நாள் நீண்டதாகக் கொள்வார்களா?