மறு: 'எக்ஸ்ஃபோலியேஷன்': பாறை உரிதல் போதுமா?

மடற்குழு நண்பர்கள் அனைவருக்கும் வணக்கம்.

மதுரையைச் சுற்றியுள்ள யானைமலை, அரிட்டாபட்டி, கீழக்குயில்குடி சமணர் மலை மூன்றையும் ஒரே நாளில் பார்க்கிற நிலவியல் நடைக்குக் கையேடு தயாராகிறது. ஒரு சொல்லில் வண்டி நிற்கிறது. மலையின் வளைவை ஒட்டியே கல் தகடு தகடாகப் பிரிந்து நிற்குமே, அந்த எக்ஸ்ஃபோலியேஷன். பாடநூல் அதைப் 'பாறை உரிதல்' என்கிறது. பரீட்சைக்குப் போதும், பாறை முன்னால் நிற்கும்போது போதவில்லை. முழங்கை நீளத்துக்குத் தடித்த கல் பிரிவதும் உரிதல், நகத்தால் சுரண்டினால் உதிர்கிற சில மில்லிமீட்டர் ஏடும் உரிதல், மண்ணுக்குள் உருண்டைக்கல்லைச் சுற்றி வெங்காயம்போல் வட்டம் வட்டமாக மக்கியிருப்பதும் உரிதல் என்றால், பார்க்க வருகிறவர் எதைப் பார்ப்பார்?

மூன்றுக்கும் காரணம் வேறு. தடித்த தகடு, அழுத்தத்தின் கதை. நம் பக்கத்துப் பாறைகளான நைஸும் சார்னோகைட்டும் சுமார் 55 கோடி ஆண்டுகளுக்கு முன் 20 கிலோமீட்டருக்கும் கீழே வெந்த கல். மேலிருந்த சுமை அரித்துப் போய்விட்டது. பாரம் குறைந்த கல் வெளிப்பக்கமாக விடுபட்டு, மேற்பரப்புக்கு இணையாக வெடிக்கிறது. மேலே இந்த வெடிப்புகள் நெருக்கம், சில சென்டிமீட்டரிலிருந்து ஒரு மீட்டர்வரை. ஆழம் போகப்போக இடைவெளி பல மீட்டராகி, அப்புறம் காணாமலே போகும். மெல்லிய ஏட்டுக்கு ஈரமும் உப்பும் காரணம். உருண்டைக்கு, மூலைகளில் பல பக்கமிருந்தும் தண்ணீர் புகுந்து அரிப்பது காரணம்.

தடித்த தகட்டுக்கு என் முன்மொழிவு 'பாளப் பிளவு'. தட்டிக் கேளுங்கள்.

* * *

ஐயா, பிரித்துக் காட்டியது சரி, 'பாளப் பிளவு' சரியில்லை. இரண்டு பாதியும் ஏற்கெனவே வாடகைக்குப் போய்விட்டன.

'பிளவு' என்பதை நிலவியல் தமிழில் ஃபால்ட்டுக்கு எழுதிக்கொண்டிருக்கிறோம். பிளவுப் பள்ளத்தாக்கு ஊரறிந்த சொல். ஃபால்ட்டில் இரண்டு பக்கமும் ஒன்றையொன்று உரசி நகர்ந்திருக்க வேண்டும். இங்கே நகர்வு இல்லை, வாய் திறந்ததோடு சரி. 'பாளம்' என்றால் கோடையில் காய்ந்த கண்மாய்தான் நினைவுக்கு வரும். 'பாளம் பாளமா வெடிச்சுக் கிடக்கு' என்று சொல்வது செங்குத்தாக இறங்கும் சேற்று வெடிப்பை. அதற்கே அந்தச் சொல்லை விட்டுவிடுவோம்.

இப்படி நகராமல் திறந்ததை ஆங்கிலத்தில் ஜாயின்ட் என்பார்கள், அதைப் பார்த்துச் சிலர் 'மூட்டு' என்றும் எழுதுகிறார்கள். கல் சேர்ந்த இடமா அது? பிரிந்த இடம். மலைக்கு முழங்கால் வைத்தியம் பார்க்க வேண்டாம். ஜாயின்ட்டுக்கு 'வெடிப்பு' போதும். பித்தவெடிப்பு தெரியாதவர் இல்லை.

தகட்டுக்கு 'ஓடு' நினைத்துப் பார்த்தேன். வளைவும் மூடுதலும் அதில் இருக்கிறது. ஆனால் புவிமேலோடு என்று மொத்தப் பூமிக்கும் அதைக் கொடுத்துவிட்டோம். 'தட்டு' கண்டங்களுக்குப் போய்விட்டது. 'அடுக்கு' கூடவே கூடாது, படிவுப்பாறை என்று நினைத்துவிடுவார்கள்.

* * *

அக்கா சொன்ன 'அடுக்கு' ஆபத்தைக் கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டும், ஏனென்றால் களத்தில் அதிகம் சறுக்குகிற இடம் அதுதான்.

நைஸில் கறுப்பும் வெளுப்புமாகப் பட்டைகள் ஓடும். பார்த்ததும் 'அடுக்கு அடுக்காகப் பிரியுது' என்று பட்டையைக் காட்டுவார்கள். பட்டை, கல் ஆழத்தில் வெந்தபோது வந்தது. வெடிப்பு, கல் வெளியே வந்தபிறகு வந்தது. சோதனை எளிது. ஒரு பட்டையை விரலால் தொடர்ந்து போங்கள். மலையின் சரிவு திரும்பினாலும் பட்டை தன் போக்கில் போகும். வெடிப்போ சரிவு திரும்புகிற இடத்தில் தானும் திரும்பும், வழியில் பட்டைகளை வெட்டிக்கொண்டு போகும். இரண்டும் ஒரே திசையில் கிடக்கிற இடத்தைப் பாடம் சொல்லத் தேர்ந்தெடுக்காதீர்கள், எதையும் நிரூபிக்க முடியாது.

கையேட்டு வரைவில் '55 கோடி ஆண்டுப் பழைய வெடிப்புகள்' என்று ஒரு வரி இருக்கிறது. கல்லின் வயதை வெடிப்புக்குக் கொடுத்துவிட்டீர்கள். இன்றைய சரிவை ஒட்டி வளைகிற வெடிப்பு, சரிவைவிட அவ்வளவு மூத்ததாக இருக்க வழியில்லை. அந்த வரியை எடுத்துவிடுங்கள்.

'பகல் வெயிலில் விரிந்து, இரவில் சுருங்கி உரிகிறது' என்பதையும் அப்படியே விடக் கூடாது. 1936இல் கிரிக்ஸ் என்ற நிலவியலாளர், கிரானைட்டை 89,400 முறை சூடேற்றிக் குளிரவைத்துப் பார்த்தார். நாளுக்கு ஒரு முறை என்று கணக்கிட்டால் 244 ஆண்டு. உலர்ந்த கல்லில் கண்ணுக்குத் தெரிந்த மாற்றம் ஒன்றுமில்லை. தண்ணீர் தெளித்துக் குளிர்வித்தபோதுதான் கல் கெடத் தொடங்கியது. வெயிலுக்கு வேலையே இல்லை என்று சொல்லவில்லை. ஏற்கெனவே பிரிந்து நிற்கும் தகட்டை அது தினமும் மில்லிமீட்டர் கணக்கில் அசைத்து, விளிம்பில் வெடிப்பை நீட்டும். தொடங்கிவைப்பதும் தள்ளிவிடுவதும் வேறு வேறு.

சொல்லுக்கு வருகிறேன். வாழைமரத்தை நினைத்துப் பாருங்கள். வெளிமட்டை தளர்ந்து விலகும், அடுத்தது உள்ளே இறுக்கமாக இருக்கும். ஒவ்வொன்றும் தண்டின் வளைவையே கொண்டிருக்கும். 'மட்டை வெடிப்பு' என்றால் என்ன?

* * *

தம்பி, உவமை அருமை. ஆனால் 'யானைமலை முழுக்க மட்டை' என்று பலகை வைத்தால் ஊர் என்ன நினைக்கும் என்று யோசித்தீர்களா? மட்டையானவர்கள் ஏற்கெனவே போதுமான அளவு இருக்கிறார்கள்.

அதே மரத்திலிருந்து 'மடல்' எடுத்துக்கொள்ளலாம். வாழைமடல், தாழைமடல் இரண்டிலும் வளைவு உண்டு, மூடுதல் உண்டு. தகடு 'மடல்', இடைவெளி 'மடல்வெடிப்பு', நிகழ்வு 'மடலுரிவு'. மடற்குழுவில் மடலைப் பற்றி மடல் எழுதுகிறோம் என்று கேலி வரும், வரட்டும்.

மெல்லிய ஏட்டுக்குச் சொல் தேடவே வேண்டாம், 'பொருக்கு' இருக்கிறது. புண் ஆறும்போதும் சேறு காயும்போதும் சொல்வதுதான். நிகழ்வு 'பொருக்குதிர்வு'. உருண்டைக்குக் 'கோளச் சிதைவு'. அதன் உள்ளே மிஞ்சும் கல்லுக்கு 'நடுக்கல்' என்று மட்டும் எழுதிவிடாதீர்கள். அச்சில் ஒரு ஒற்று விழுந்தால் வீரனுக்கு வைத்த நடுகல் ஆகிவிடும். 'உட்கல்' போதும்.

* * *

மடல்வெடிப்பு எனக்கு ஒப்புதல். பொடவு, அதாவது மலைக்குகை, எப்படி வந்தது என்று விளக்கவும் இது கைகொடுக்கும். சமணர் மலையின் செட்டிப்பொடவு போன்ற இடங்களை 'கீழ்மடல் விழுந்து மேல்மடல் கூரையாக நின்றதா, பாருங்கள்' என்று கேள்வியாகவே வைக்கலாம். குகைத்தளங்களின் நெற்றியில் மழைநீர் உள்ளே வழியாதபடி வெட்டிய காடி இருந்தால் அதையும் சேர்த்துக் காட்டுங்கள். இயற்கை விளிம்பும் உளி விளிம்பும் ஒன்றாகத் தெரியும்.

அளக்கும் பக்கத்தில் சில திருத்தங்கள். மடலின் தடிமனை நாடாவைச் செங்குத்தாகத் தொங்கவிட்டு எடுக்கச் சொல்லியிருக்கிறது. 30 பாகைச் சரிவில் அப்படி 1 மீட்டர் என்று வந்தால் உண்மைத் தடிமன் 87 சென்டிமீட்டர்தான். நாடா மடலின் பரப்புக்கு 90 பாகையில் இருக்க வேண்டும். சரிவுமானியைக் கல்லின்மேல் நேரே வைத்தால் சின்ன மேடு பள்ளத்தையே அளக்கும். பரீட்சை அட்டையைப் போட்டு அதன்மேல் வையுங்கள், கிளிப் கழற்றிய அட்டை, இரும்பு கிளிப் கருவியிலுள்ள திசைகாட்டி ஊசியை இழுக்கும். ஐந்து இடத்தில் எடுத்து நடுமதிப்பை எழுதுங்கள்.

உள்ளே இடைவெளி இருக்கிறதா என்று அறிய விரல்முட்டியால் தட்டினால் போதும், பிரிந்த மடல் 'டொம்' என்னும், ஒட்டிய கல் சத்தமே தராது. சமணர் மலையில் சிற்பங்கள் பாதுகாக்கப்பட்ட சின்னம், அரிட்டாபட்டி 2022இல் பல்லுயிர் மரபுத் தலமாக அறிவிக்கப்பட்ட இடம். சுத்தியல் பையைவிட்டு வெளியே வரக் கூடாது. டொம் என்ற மடலின் விளிம்பில் கூட்டமாக உட்காரவும் கூடாது.

பழைய குவாரி முகம் வழியில் வந்தால் ஒரு எச்சரிக்கை. வெடிமருந்து போட்ட குழியிலிருந்து விசிறிபோல் கிளம்பும் குட்டைக் கீறல்களை மடல்வெடிப்பில் சேர்க்காதீர்கள். நமக்கு வேண்டியது குழியைப் பொருட்படுத்தாமல் சரிவோடு நீண்டு போகும்.

* * *

நன்றி. மாற்றிய வரி: "மடல்வெடிப்பு: பாறையின் மேற்பரப்பு வளைவுக்கு ஏறத்தாழ இணையாக, பட்டைகளை வெட்டிச் செல்லும், பக்கநகர்வு இல்லாத வெடிப்பு." 55 கோடி வரியை வெடிப்பிலிருந்து எடுத்துக் கல்லுக்குப் போட்டாயிற்று. முதல் இடம் யானைமலை, காலை 8 மணிக்குள். வெயில் சாய்வாக விழும்போதுதான் மடலின் விளிம்புக்குக் கீழே நிழற்கோடு தெரியும். பாறை உரிதல் என்ற பாடநூல் சொல்லை அடைப்புக்குறியில் ஒரே ஒரு முறை தருகிறோம், மாணவர்கள் தேடுவார்கள்.