உதவி தேவை: ஆட்டம் ஒருவர் கணினியில், ஆடுவோர் பல ஊரில். இதற்கு என்ன சொல்?

மடல் 1 (மொழிபெயர்ப்பாளர்)

அன்புள்ள குழுவினர்க்கு,

வணக்கம். கட்டற்ற மென்பொருள் ஒன்றின் இடைமுகத்தைத் தமிழாக்கி வருகிறேன். ஒரு சொல்லைத் தவிர மற்றதெல்லாம் முடிந்துவிட்டது. வெள்ளி இரவு கோப்பைப் பூட்டிவிடுவார்கள். அதற்குள் உங்கள் உதவி வேண்டும்.

ஒரே திரைமுன் இரண்டு பேர் தோளுரச உட்கார்ந்து ஆடும் கணினி ஆட்டங்கள் உண்டல்லவா? அவற்றை வெவ்வேறு ஊரில் இருப்பவர்களும் சேர்ந்து ஆட இந்த மென்பொருள் வழிசெய்கிறது. ஆட்டம் என் கணினியில் மட்டும் ஓடும். என் திரையின் படமும் ஒலியும் தோழியின் கணினிக்கு உடனுக்குடன் போகும். அவள் தன் கன்ட்ரோலரில் அழுத்துவது என் கணினிக்கு வந்து சேரும். ஆட்டத்தைப் பொறுத்தவரை அவள் என் பக்கத்தில் அமர்ந்து இரண்டாவது கன்ட்ரோலரைப் பிடித்திருக்கிறாள், அவ்வளவுதான். ஆட்டங்களை விற்கும் ஸ்டீம் தளத்தில் இதற்கு ‘ரிமோட் ப்ளே டுகெதர்’ என்று பெயர்.

பழைய பதிப்பில் ‘இணைய விளையாட்டு’ என்று போட்டிருந்தேன். அதைப் பார்த்த தோழி, தானும் அந்த ஆட்டத்தை வாங்க வேண்டும் என்று நினைத்துக் காசு கொடுத்து வாங்கிவிட்டாள். ஒருவரிடம் இருந்தால் போதும் என்பதுதான் இந்த வசதியின் பயனே. என் சொல்லை நம்பி அவள் பணம் செலவழித்தது இன்னும் உறுத்துகிறது. அதனால் இந்த முறை கேட்டுவிட்டே போடுவது என்றிருக்கிறேன்.

பொத்தானில் பன்னிரண்டு எழுத்துக்கு மேல் கொள்ளாது. ஆட்டத்துக்கு அழைப்பவர், அழைப்பை ஏற்று வருபவர் இருவருக்கும் தனித்தனிச் சொல் தேவை.

மடல் 2 (மென்பொருள் நண்பர்)

தொலையாட்டம். ஆறே எழுத்து. தொலைபேசி, தொலைக்காட்சி தெரிந்த யாருக்கும் விளக்க வேண்டாம். இதற்கு ஒரு வாரம் விவாதிக்க வேண்டுமா?

மடல் 3 (புலவர்)

அன்பர்களே,

தம்பி சொன்ன ‘தொலையாட்டம்’ எனக்கு உடன்பாடில்லை. தொலைதல் என்றால் கெடுதல், அழிதல். தொலைவு என்பதற்குத் தோல்வி என்ற பொருளும் அகராதியில் உண்டு. தொலைபேசி வழக்கில் ஊன்றிவிட்டது, அதை அசைக்க முடியாது. புதிதாக ஒன்றை ஆக்கும்போதும் அந்தக் குறையைச் சுமக்க வேண்டுமா?

தொல்காப்பியம் உரியியலில் ‘கெடவரல் பண்ணை ஆயிரண்டும் விளையாட்டு’ என்றிருக்கிறது. பண்ணை என்றால் விளையாட்டு. அதே சொல்லுக்கு மகளிர் கூட்டம் என்ற பொருளும் உண்டு. விளையாட்டும் கூடியிருப்பதும் ஒரே சொல்லுக்குள் வருகின்றன. தனியே ஆடுவது பண்ணையாகாது. நாம் தேடுவது இதைத்தானே? ‘பண்ணையாட்டு’ என்று வைத்துக்கொள்ளலாம்.

இன்னொன்று ‘ஓரை’. சங்கப் பாடல்களில் பெண்கள் மணலிலும் நீர்த்துறையிலும் ஆடுவது ஓரை. உடன் ஆடும் தோழியர் ஆயம். ‘மறைந்த ஒழுக்கத்து ஓரையும் நாளும்’ என்ற இடத்தில் வருகிற ஓரை வேறு. அது காலத்தைக் குறிப்பது. கிரேக்கத்து ‘ஹோரா’வோடு அதைத் தொடர்புபடுத்துவோர் உண்டு. விளையாட்டு ஓரைக்கும் கால ஓரைக்கும் வேர் ஒன்றா இரண்டா என்பதைத் தனி மடலில் எழுதுகிறேன். ஆயம் என்ற சொல்லும் அப்படித்தான். தோழியர் கூட்டமும் ஆயம், ஆநிரையும் ஆயம், சுங்கமும் ஆயம். வள்ளுவர் சூதில் ‘உருளாயம்’ என்கிறார். சூதாடும் இடத்தை அவர் கழகம் என்று சொன்னதையும், அந்தச் சொல் இன்று எங்கே வந்து நிற்கிறது என்பதையும் எண்ணிப் பாருங்கள். சொல்லின் பயணம் நம் கையில் இல்லை. நல்ல வேரில் நட்டுவைப்பது மட்டும் நம் கையில் இருக்கிறது.

மடல் 4 (பொறியாளர்)

புலவர் ஐயாவுக்கு வணக்கம்.

பண்ணை அழகான சொல். ஆனால் என் துறையில் அதைக் கேட்டதும் சர்வர் பண்ணைதான் நினைவுக்கு வரும். வரிசை வரிசையாகக் கணினிகளை அடுக்கிவைத்த தரவு மையம். அங்கே ஓடும் ஆட்டத்தைத் திரையில் வரவழைத்து ஆடும் முறை ஒன்று தனியாகவே இருக்கிறது. ஆக, ‘பண்ணையாட்டு’ என்றால் நாம் சொல்ல வருவதற்கு நேர் எதிரானதைப் படிப்பவர் புரிந்துகொள்வார்.

கூகுளின் ஸ்டேடியாவும் ஸ்டீமின் இந்த வசதியும் 2019 நவம்பரில்தான் பொதுப் பயன்பாட்டுக்கு வந்தன. ஒரே மாதம். இரண்டுமே ஆட்டத்தை வேறோர் இடத்தில் ஓடவிட்டுப் படத்தை அனுப்புபவை. ஆனால் ஸ்டேடியாவில் ஆட்டம் ஓடியது நிறுவனத்தின் கணினியில். 2023 ஜனவரியில் அதை மூடியபோது அங்கிருந்த ஆட்டங்களும் போயின. இங்கே ஆட்டம் ஓடுவது நண்பரின் மேசைமேல். அவர் கணினியை அணைக்காதவரை யாரும் அதை மூட முடியாது. பிளேஸ்டேஷன் 4-இல் 2014-லேயே ‘ஷேர் ப்ளே’ வந்தது. அதில் ஒரு மணி நேரம்வரை கன்ட்ரோலரை நண்பர் கையில் ஒப்படைக்கலாம், ஆட்டம் அவரிடம் இல்லாவிட்டாலும். ஆகவே, எங்கே ஓடுகிறது என்பது சொல்லில் தெரிய வேண்டும். என் ஒரே கோரிக்கை அதுதான்.

ஏன் இவ்வளவு வற்புறுத்துகிறேன் என்றால், பயனர் சந்திக்கும் சிக்கல் எல்லாம் அங்கிருந்தே கிளம்புகிறது. நொடிக்கு 60 படம் என்றால் ஒரு படத்துக்கும் அடுத்ததற்கும் நடுவே 16.7 மில்லிநொடி. அந்த வேகத்துக்கு ஈடுகொடுத்து அழைத்தவரின் கணினி ஆட்டத்தையும் ஓட்ட வேண்டும், படத்தையும் சுருக்கி அனுப்ப வேண்டும். நால்வர் ஆட்டத்தில் மூன்று பேருக்கு நொடிக்குத் தலா 10 மெகாபிட் என்றால், அவர் இணைப்பின் மேலேற்றம், அதாவது வெளியே அனுப்பும் வேகம், மட்டும் நொடிக்கு 30 மெகாபிட் வேண்டும். இறக்கத்தில் வேகமாக இருந்து மேலேற்றத்தில் திணறும் இணைப்புகள்தாம் அதிகம். வந்தவருக்குப் படம் கலங்கினால் அவர் தன் இணைப்பைக் குறை சொல்வார். கோளாறு பெரும்பாலும் அழைத்தவரின் பக்கத்தில் இருக்கும்: வைஃபையை விட்டுக் கம்பியைச் செருகினாலே பாதி சரியாகிவிடும்.

சுணக்கமும் இருவருக்கும் சமமில்லை. (‘லேட்டன்சி’க்கு நான் சுணக்கம் என்றே எழுதுகிறேன். சிலர் ‘மறைநிலை’ என்று எழுதுவதைப் பார்த்து வருந்தியிருக்கிறேன்.) வந்தவர் அழுத்திய பொத்தான் இங்கே வந்து, அதன் விளைவு படமாகத் திரும்பிப் போகும்வரை அவர் காத்திருக்கிறார். அழைத்தவருக்கு அந்தக் காத்திருப்பு கிடையாது. மாறிமாறிக் காய் நகர்த்தும் ஆட்டத்தில் இது தெரியாது. சண்டை ஆட்டத்தில் ஒரு பக்கம் நன்றாகவே சாய்ந்துவிடும். ‘கூட்டாட்டம்’, ‘இணையாட்டம்’ போன்ற சொற்கள் இந்தச் சமமின்மையை மறைத்துவிடும் என்பது என் அச்சம்.

படமும் ஒலியும் ஓடைபோல் இடைவிடாமல் போவதால் (‘ஸ்ட்ரீமிங்’) ‘ஓடையாட்டம்’ எப்படி?

மடல் 5 (தனித்தமிழ் அன்பர்)

ஓடை ஏற்கெனவே வேறு வேலையில் இருக்கிறது. வலைப்பதிவுகள் பெருகிய காலத்தில், புதிய பதிவுகள் வந்துசேரும் ‘ஃபீட்’ என்பதைச் ‘செய்தியோடை’ என்று எழுதிப் பழகினோம். ‘தாரை’ என்று யாராவது சொல்லும்முன் சொல்லிவிடுகிறேன், அது வடமொழித் ‘தாரா’. ‘ஒழுக்கு’ தூய தமிழ், ஆனால் கூரை ஒழுகுவது நினைவுக்கு வரும். ‘பாய்வு’ என்பேன்.

இன்னொரு குறையும் உண்டு. ஓடை, தாரை, பாய்வு எல்லாம் ஒரு திசையில் போவன. இங்கே படம் போகிறது, விரலசைவு திரும்பி வருகிறது. வெறுமனே பார்த்துக்கொண்டிருக்கும் நேரலைக்குப் பாய்வு பொருந்தும். ஆடுவதற்குப் பொருந்தாது.

மடல் 6 (மென்பொருள் நண்பர்)

‘ஸ்ட்ரீமிங்’ என்றே வைத்தால் என்ன? எல்லாரும் அப்படித்தான் சொல்கிறோம். தொல்காப்பியரே வடசொல்லை எழுத்து மாற்றி எடுத்துக்கொள்ளச் சொன்னார். ஆங்கிலத்துக்கும் அதே நெறி போதாதா?

மடல் 7 (தனித்தமிழ் அன்பர்)

‘வடவெழுத்து ஒரீஇ’ என்பதையும் சேர்த்துப் படியுங்கள். அயலெழுத்தை நீக்கி எடுக்க வேண்டும் என்பதுதான் அங்கே விதி. ‘ஸ்ட்ரீ’ என்று மெய்யில் தொடங்கி மூன்று மெய்யை அடுக்கும் சொல்லுக்கு அந்த நூற்பாவைத் துணைக்கு அழைக்காதீர்கள். ‘சிற்றீமிங்கு’ என்று எழுத முன்வந்தால் பேசலாம். நான் மெய்யாகவே சொல்கிறேன். கடன் வாங்குவதானால் நம் ஒலிமுறையில் வாங்குவோம்.

மடல் 8 (புலவர்)

பொறியாளர் தம்பியின் மடலை இரண்டு முறை படித்தேன். பண்ணையைத் திரும்பப் பெறுகிறேன். ‘எங்கே ஓடுகிறது என்பது சொல்லில் தெரிய வேண்டும்’ என்றாரே, அதற்கு வள்ளுவரிடம் விடை இருக்கிறது.

அரங்கின்றி வட்டாடி யற்றே நிரம்பிய
நூலின்றிக் கோட்டி கொளல்.

வட்டு உருட்டி ஆடத் தரையில் கீறிய கட்டமே இங்கே அரங்கு. நாடக மேடையன்று. அரங்கு இல்லாமல் வட்டாட முடியாது. இந்த வசதியில் நடப்பது என்ன? அரங்கு ஒருவர் வீட்டில் மட்டும் கீறப்பட்டிருக்கிறது. மற்றவர்கள் தம் வீட்டில் அரங்கில்லாமலே அந்த அரங்கில் ஆடுகிறார்கள். எனவே ‘ஓரரங்காட்டம்’. எட்டே எழுத்து, பொத்தானுக்குள் அடங்கும். அழைப்பவர் ‘அரங்குடையார்’. நண்பர் வேறு அரங்கு வாங்க வேண்டாம் என்பதும் சொல்லிலேயே இருக்கிறது. அந்தப் பெண்ணின் காசும் மிஞ்சியிருக்கும்.

வருபவர் ‘விருந்து’. விருந்து என்றால் புதுமை. செய்யுளியலில் புதுவதாகப் புனையும் யாப்புக்கு விருந்து என்றே பெயர். புதிதாக வருபவர் விருந்தானது அதனால்தான். ‘செல்விருந்து ஓம்பி வருவிருந்து பார்த்திருப்பான்’ என்ற குறளை நினைத்துக்கொள்ளுங்கள். ஒருவர் ஆட்டத்தில் சேர்ந்ததும் திரையில் ‘வருவிருந்து’, விலகியதும் ‘செல்விருந்து’ என்று காட்டலாம்.

மடல் 9 (மொழிபெயர்ப்பாளர்)

ஐயா, வருவிருந்தும் செல்விருந்தும் படித்து மனம் நிறைந்துவிட்டது. ஆனால் அந்த இடத்தில் பயனரின் பெயரை மென்பொருள் தானாகச் செருகும். ‘இன்னார் வந்துவிட்டார்’, ‘இன்னார் விலகினார்’ என்றுதான் தொடர் அமையும். ஆட்கள் பட்டியலின் தலைப்பில் ‘விருந்தினர்’ என்பதைக் கட்டாயம் போடுகிறேன்.

பொறியாளர் அண்ணாவுக்கு ஒரு கேள்வி. விருந்தினருக்குக் கன்ட்ரோலரை மட்டும் கொடுக்கலாம், விசைப்பலகையையும் சுட்டியையும்கூடக் கொடுக்கலாம் என்று இரண்டு தெரிவுகள் இருக்கின்றன. இரண்டாவதைத் தொட்டால் அவர் என் கணினியில் ஆட்டத்துக்கு வெளியேயும் புக முடியுமா?

மடல் 10 (பொறியாளர்)

சில மென்பொருள்களில் முடியும் அம்மா. அதனால் அந்த வரியை மெத்தென்று எழுதாதீர்கள். ‘விருந்தினர் உங்கள் கணினியை இயக்க முடியும்’ என்று உடைத்தே சொல்லுங்கள். கன்ட்ரோலர் மட்டும் என்பதே இயல்பு நிலையாக இருக்கட்டும். கலைச்சொல் பிழைத்தால் ஒருவர் குழம்புவார், இந்த வரி பிழைத்தால் அவர் கோப்புகளே போகலாம்.

ஓரரங்காட்டத்துக்கு என் முழு ஆதரவு.

மடல் 11 (ஆசிரியை)

இதுவரை படித்துக்கொண்டு மட்டும் இருந்தேன். இன்று வகுப்பில் பலகையில் ‘ஓரரங்காட்டம்’ என்று எழுதி, இது என்னவாக இருக்கும் என்று கேட்டேன். ஒன்பதாம் வகுப்பு. இந்த ஆட்டங்களை வீட்டில் ஆடுகிற பிள்ளைகள்தாம்.

பலரும் ‘ஓர’ என்று நிறுத்தி ‘ரங்காட்டம்’ என்று படித்தார்கள். ஒரு பையன் ரங்கராட்டினமா என்று கேட்டான். பிரித்துக் காட்டிய பிறகும் அரங்கம் என்றால் கூட்டம் நடக்கும் மண்டபம் என்றார்கள். ‘வட்டாட்டு’ என்றும் எழுதிப் பார்த்தேன். வன்வட்டு, குறுவட்டு படித்த பிள்ளைகள் வட்டைக் கணினிக்குள் தேடினார்கள். குறளைச் சொல்லி விளக்கியதும் முகம் மலர்ந்தது உண்மை. அந்தக் குறளை இனி அவர்கள் மறக்கமாட்டார்கள். ஆனால் பொத்தானுக்குப் பக்கத்தில் நான் நின்று விளக்க முடியாதே.

நீங்கள் எப்படிச் சொல்வீர்கள் என்று கேட்டேன். ‘அவன் கம்ப்யூட்டர்ல நான் சேர்ந்து ஆடுறேன்’ என்றாள் ஒருத்தி. ‘அவன் கம்ப்யூட்டர்ல’ என்ற உருபைக் கவனியுங்கள். பொறியாளர் கேட்டது முழுக்க அந்த ‘ல்’லுக்குள் இருக்கிறது.

மடல் 12 (மொழிபெயர்ப்பாளர்)

அனைவருக்கும் நன்றி. இன்று வியாழன் இரவு. இனியும் தள்ள முடியாது.

பொத்தானில் ‘சேர்ந்தாடு’. அதன் கீழே சிறிய எழுத்தில் ‘ஆட்டம் உங்கள் கணினியில் ஓடும். நண்பர் வாங்கத் தேவையில்லை’. கையேட்டில் இந்த வசதியின் பெயர் ‘தொலைக்கூட்டாட்டம்’. அழைப்பவர், விருந்தினர், சுணக்கம் மூன்றும் உங்களிடமிருந்து பெற்றவை. நால்வர் இதற்கு இசைந்து தனிமடல் அனுப்பினார்கள். அதில் இருவர் ‘ஏதாவது ஒன்றை முடித்துவிடுங்கள்’ என்று மட்டும் எழுதியிருந்தார்கள்.

மடல் 13 (பொறியாளர்)

பொத்தானும் கீழ்வரியும் மிகச் சரி. ‘தொலைக்கூட்டாட்டம்’ என்பதற்கு என் மறுப்பைப் பதிந்துகொள்ளுங்கள். கீழ்வரி இல்லாத இடத்தில் அந்தச் சொல் பழைய ‘இணைய விளையாட்டு’ செய்த பிழையையே செய்யும். எல்லார் வீட்டிலும் ஆட்டம் இருப்பதாகத்தான் அதைப் படிப்பவர் எண்ணுவார்.

மடல் 14 (புலவர்)

மகளே, உன் முடிவுக்குத் தடை சொல்ல மாட்டேன். நான் தொகுத்துவரும் சொற்கோவையில் ‘ஓரரங்காட்டம்’ என்றே எழுதி, ‘சேர்ந்தாடு’ என்பதை வழக்கு என்று பக்கத்தில் குறித்திருக்கிறேன்.

மடல் 15 (தனித்தமிழ் அன்பர்)

கோப்பைப் பூட்டும்முன் ஒரு நிமிடம். தொலைக்காட்சியில் ஒற்று மிகுகிறது, தொலைபேசியில் மிகவில்லை. தொலைபேசியை வினைத்தொகைபோல் கொண்டவர்கள் ஒற்றை விட்டார்கள். தொலைவு என்ற பெயரின் குறுக்கமாகக் கொண்டால் தொலைக்காட்சி, தொலைத்தொடர்பு போல மிக வேண்டும். புலவர் ஐயா முதலில் எழுப்பிய ஐயமும் இதில்தான் இருக்கிறது. ஒற்றைப் போட்டால் அது தொலைவு. விட்டால் ‘தொலைந்த, தொலைகிற, தொலையும் கூட்டாட்டம்’ என்று விரியும். நீங்கள் மடலில் ஒற்றோடு எழுதியிருக்கிறீர்கள். நேற்று பகிர்ந்த கையேட்டு வரைவின் மூன்று இடங்களில் ஒற்று இல்லை. எது இறுதி?