ஆஸ்போர்ன் 1: மின்சாரம் வருகிறது, திரை மட்டும் இருட்டு. எங்கிருந்து பார்க்கத் தொடங்குவது?

கொன்றை:

அனைவருக்கும் வணக்கம். கலிஃபோர்னியாவில் ஃப்ரீமாண்டில் வசிக்கிறேன். எங்கள் தெருவில் வீட்டைக் காலி செய்த முதியவர் ஒருவர் ஆஸ்போர்ன் 1 கணினி ஒன்றை எனக்குக் கொடுத்துவிட்டுப் போனார். கூடவே ஒரு பெட்டி நிறைய 5¼ அங்குல ஃபிளாப்பி வட்டுகள்.

பெட்டியின் மூடியே விசைப்பலகை. மூடியைக் கழற்றினால் நடுவில் 5 அங்குலத் திரை, இரண்டு பக்கமும் ஒவ்வொரு டிரைவ், அவற்றின் கீழே வட்டுகளைச் செருகி வைக்க இரண்டு பொந்துகள். தூக்கினால் தோள்பட்டை இறங்கிவிடுகிறது. ஏறக்குறைய 11 கிலோ.

சுவிட்சைப் போட்டேன். திரையில் ஒரு புள்ளி வெளிச்சம்கூட இல்லை. முன்பக்கம் இருக்கும் பிரைட்னஸ், கான்ட்ராஸ்ட் குமிழ்கள் இரண்டையும் முழுதாகத் திருகியும் பயனில்லை. உடனே அணைத்துவிட்டேன்.

இங்கே ஒரு பழுதுபார்ப்பவரிடம் கேட்டபோது, படக்குழாய் போயிருக்கும், உள்ளே இருப்பதை எல்லாம் எடுத்துவிட்டு ஒரு எல்சிடி திரையும் சின்னக் கணினிப் பலகையும் வைத்துத் தருகிறேன் என்கிறார். எனக்கு மனம் வரவில்லை. வார இறுதித் தமிழ்ப் பள்ளியில் பிள்ளைகளுக்கு இதை இயக்கிக் காட்ட வேண்டும் என்று ஆசை. இதை உருவாக்கிய ஆடம் ஆஸ்போர்ன் திருவண்ணாமலையில் வளர்ந்தவர், சிறு வயதிலேயே தமிழ் பேசியவர் என்று சொன்னால் அவர்கள் கண்கள் விரியும். படக்குழாய் உண்மையிலேயே போய்விட்டதா என்று எப்படித் தெரிந்துகொள்வது?

பழையபெட்டி:

அம்மா, முதலில் அந்த எல்சிடி யோசனையைத் தள்ளி வையுங்கள். திரை இருட்டாக இருக்கிறது என்பதற்காக யாரும் உள்ளே கையை விட வேண்டாம். இந்த இயந்திரம் திரை இல்லாமலே தன் நிலையைச் சொல்லும்.

சுவிட்சைப் போட்டதும் ரோம் என்னும் நிலையான நினைவகச் சில்லில் உள்ள நிரல் ஓடி, டிரைவ் ஏ-யில் வட்டைச் செருகி ரிட்டர்ன் விசையை அழுத்துங்கள் என்று ஒரு செய்தியைக் காட்டும். அதோடு காத்திருக்கும். உங்களுக்கு அந்தச் செய்தி தெரியாவிட்டாலும் ரிட்டர்ன் விசை வேலை செய்யும். அழுத்திப் பாருங்கள். இடப்பக்க டிரைவின் விளக்கு எரிந்து மோட்டார் சுழன்றால் இசட்80 செயலி, ரோம், நினைவகம், விசைப்பலகை எல்லாம் பெரும்பாலும் நலமாக இருக்கின்றன என்று பொருள். அப்போது தேட வேண்டிய இடம் படம் காட்டும் பகுதி மட்டும்தான்.

ஆனால் அதற்கு முன் ஒன்று. அந்தக் காலத்துப் பவர் சப்ளைகளில், வீட்டு மின்சாரம் (மெயின்ஸ்) நுழையும் இடத்தில், மஞ்சள் நிறக் கண்ணாடி போன்ற உறையில் ஒரு கெப்பாசிட்டர் இருக்கும். உலோகப் பூச்சிட்ட தாளால் ஆனது. நாற்பது ஆண்டுகளில் உறையில் நூல் நூலாக வெடிப்பு விழும். அதன் வழியே ஈரம் உள்ளே போகும். ஒருநாள் மின்சாரம் கொடுத்ததும் புகையும் நாற்றமுமாக வெடித்து அறையை நிறைத்துவிடும். கணினிப் பலகைக்கு அதனால் சேதம் வருவது குறைவு, ஆனாலும் மெயின்ஸில் நேராக உட்கார்ந்திருக்கும் உறுப்பு அது. அதே மதிப்பில், மெயின்ஸில் பயன்படுத்தவென்றே செய்த எக்ஸ்2 வகைக் கெப்பாசிட்டர் புதிதாகக் கிடைக்கிறது. வகை முக்கியம், வெறும் மதிப்பு பொருந்தினால் போதாது.

திறப்பவர் மின் வேலை தெரிந்தவராக இருக்கட்டும். பிளக்கைப் பிடுங்கிய பிறகும் பவர் சப்ளையின் பெரிய கெப்பாசிட்டர்களில் ஆளைத் தூக்கி எறியும் அளவுக்கு மின்னழுத்தம் தங்கியிருக்கும். படக்குழாயின் பக்கவாட்டில் ரப்பர் தொப்பிக்குள் போகும் தடித்த வயரில் ஆயிரக்கணக்கான வோல்ட். அதைத் தொடவே வேண்டாம்.

டொராண்டோ_வாசன்:

உள்ளே இருப்பதை எடுத்துவிட்டால் மிஞ்சுவது வெறும் பெட்டி. கொன்றை அவர்களே, தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள். உங்கள் ஊருக்கு அருகில் இருக்கும் ஹேவர்டில்தான் ஆஸ்போர்ன் நிறுவனமே இருந்தது. அந்த இயந்திரம் தன் பிறந்த ஊருக்குப் பக்கத்திலேயே இருக்கிறது.

கொன்றை:

மிக்க நன்றி ஐயா. அலுவலகத்தில் மின்னணுவியல் தெரிந்த தோழி ஒருவரை அழைத்துத் திறந்து பார்த்தோம். நீங்கள் சொன்ன கெப்பாசிட்டரின் உறையில் குறுக்கும் நெடுக்குமாக வெடிப்பு. அவரே மாற்றிக் கொடுத்தார். 5 வோல்ட், 12 வோல்ட் இரண்டும் சரியாக வருகின்றன.

மூடிவிட்டு மின்சாரம் கொடுத்து, சில நொடிகள் கழித்து ரிட்டர்ன் விசையை அழுத்தினேன். டிரைவ் ஏ-யின் சிவப்பு விளக்கு எரிந்தது! மோட்டார் சுழலும் ஓசையும் வட்டைப் படிக்கும் தலை நகரும் கரகரப்பும் தெளிவாகக் கேட்டன. திரை மட்டும் பழையபடி இருட்டு.

பழையபெட்டி:

நல்ல சேதி. கணினி உயிரோடு இருக்கிறது.

இப்போது முன்பக்கத்தைப் பாருங்கள். திரைக்குக் கீழே வரிசையாக இணைப்புகள் இருக்கும்: சீரியல், மோடம், ஐஇஇஇ-488, பேட்டரி. அவற்றோடு வெளித்திரைக்கான இணைப்பும் ஒன்று உண்டு. பலகையின் விளிம்பே பித்தளை நிறப் பட்டைகளாக வெளியே தெரியும். அதில் ஒரு சிறு பிளக் செருகியிருக்கிறதா, இல்லை வெறும் பட்டைகள் தெரிகின்றனவா?

ஏன் கேட்கிறேன் என்றால், உள்திரைக்குப் போகும் சமிக்ஞைகள் இந்த இணைப்பு வரை வந்து, அங்கே செருகியிருக்கும் குறுக்குப் பிளக்கின் வழியாகத்தான் திரும்ப உள்ளே போகின்றன. வெளித்திரை வேண்டுமானால் பிளக்கை எடுத்துவிட்டு வெளித்திரையின் கேபிளைச் செருகலாம். பிளக்கும் இல்லை, கேபிளும் இல்லை என்றால் உள்திரைக்கு எதுவும் போகாது. கட்டைவிரல் அளவுப் பொருள் அது, எளிதில் தொலைந்துவிடும். படக்குழாய் போய்விட்டது என்று தூக்கி எறியப்பட்ட ஆஸ்போர்ன்களில் எத்தனை பெட்டிகளுக்கு இந்தப் பிளக் மட்டும்தான் குறையாக இருந்ததோ என்று நினைத்தால் எனக்கு வயிறு எரிகிறது.

கொன்றை:

வெறும் பட்டைகள்தான் தெரிகின்றன! பிளக் இல்லை. வட்டுப் பெட்டியைக் கவிழ்த்துத் தேடியும் கிடைக்கவில்லை. கடையில் கிடைக்குமா?

பழையபெட்டி:

பழைய கணினிப் பொருள் விற்பவர்களிடம் எப்போதாவது வரும். செய்துகொள்வதே எளிது. ரிப்பன் கேபிளின் நுனியில் வருமே, பலகை விளிம்பில் செருகும் எட்ஜ் கனெக்டர், அதில் இந்த விளிம்பின் அகலத்துக்குப் பொருந்துவதாக ஒன்று வாங்குங்கள். எந்தக் காலை எந்தக் காலோடு இணைப்பது என்பது ஆஸ்போர்ன் 1-இன் தொழில்நுட்பக் கையேட்டில் வரைபடமாக இருக்கிறது. வருடி ஏற்றிய பிரதிகள் இணையத்தில் கிடைக்கின்றன. அந்தப் படத்தைப் பார்த்து மட்டும் பற்றவையுங்கள். ஊகித்து எதையும் இணைக்க வேண்டாம். பற்றவைத்த பிறகு மல்டிமீட்டரில் ஒவ்வொரு இணைப்பையும் சரிபார்த்துவிட்டு, மின்சாரம் இல்லாதபோது செருகுங்கள்.

வடபழனி_வானொலி:

இழையைப் படித்துக்கொண்டே வருகிறேன். பிள்ளைகளுக்குச் சொல்வதற்காக ஓர் எச்சரிக்கையும் கொஞ்சம் கூடுதல் செய்தியும்.

"உலகின் முதல் கையடக்கக் கணினி" என்று சொல்லிவிடாதீர்கள். 1975-லேயே ஐபிஎம் 5100 வந்துவிட்டது, எடை இதைப் போல இரு மடங்குக்கும் மேல், விலையோ சாதாரண மனிதர் தொட முடியாதது. வணிகத்தில் வென்ற முதல் தூக்கிச் செல்லும் கணினி ஆஸ்போர்ன் 1 என்று சொல்லலாம். 1981 ஏப்ரலில் சான் ஃபிரான்சிஸ்கோ கணினிச் சந்தையில் அறிமுகமானது, விலை 1,795 டாலர். வடிவமைத்த பொறியாளர் லீ ஃபெல்சன்ஸ்டைன். ஆடம் ஆஸ்போர்ன் அதுவரை கணினி நூல்கள் எழுதிப் பதிப்பித்து வந்தவர்.

அந்த விலையில்தான் அவருடைய சாமர்த்தியம் இருக்கிறது. சிபி/எம் இயங்குதளம், கடிதம் எழுத வேர்ட்ஸ்டார், கணக்குப் போட சூப்பர்கால்க், இரண்டு வகை பேசிக் மொழி எல்லாம் பெட்டியோடு சேர்த்தே கொடுத்தார். தனித்தனியாக வாங்கினால் மென்பொருளுக்கு மட்டுமே கணினியின் விலையை நெருங்கும் தொகை ஆகியிருக்கும். வாங்கிய அன்றே வேலையைத் தொடங்கலாம் என்ற நிலையைச் சாதாரண வாடிக்கையாளருக்குக் கொண்டுவந்தவர் அவர். எனக்கு அவர்மேல் பெரிய மதிப்பு உண்டாவது அதனால்தான்.

ஆடம் பிறந்தது பாங்காக்கில், 1939-இல். தந்தை ஆர்தர் ஆஸ்போர்ன் ரமண மகரிஷியின் அடியவர், பின்னாளில் ரமணாசிரமத்தின் 'மவுண்டன் பாத்' இதழைத் தொடங்கி நடத்தியவர். இரண்டாம் உலகப் போரில் அவர் தாய்லாந்தில் ஜப்பானியரின் சிறையில் இருந்தபோது, தாயும் பிள்ளைகளும் திருவண்ணாமலையில் வாழ்ந்தார்கள். ஆடம் கொடைக்கானலில் பள்ளிக்குப் போனார். பர்மிங்ஹாமில் வேதிப் பொறியியல், பிறகு அமெரிக்காவில் முனைவர் பட்டம். உடல்நிலை குன்றிய பிறகு 1992-இல் இந்தியா திரும்பினார். 2003 மார்ச்சில் கொடைக்கானலில் காலமானார்.

டொராண்டோ_வாசன்:

புதிய மாடலை முன்கூட்டியே அறிவித்ததால் பழையதை வாங்க ஆளில்லாமல் நிறுவனம் கவிழ்ந்தது என்று எல்லா மேலாண்மை வகுப்புகளிலும் சொல்கிறார்களே, அதையும் பிள்ளைகளுக்குச் சொல்லலாமே.

வடபழனி_வானொலி:

சொல்லலாம், ஆனால் அது ஒன்றே காரணம் என்று சொல்வதை நான் ஏற்கவில்லை. 1982-லேயே கேப்ரோ என்ற போட்டிக் கணினி 9 அங்குலத் திரையோடு அதே 1,795 டாலருக்கு வந்துவிட்டது. 5 அங்குலத் திரைக்கு முன் கண்ணைச் சுருக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தவர் கடையில் கேப்ரோவைப் பார்த்ததும் என்ன நினைத்திருப்பார்? மறுபுறம் ஐபிஎம் பிசிக்கு எழுதிய மென்பொருளை ஓட்டக்கூடிய காம்பாக் போர்ட்டபிள். ஆஸ்போர்னின் அடுத்த மாடலான எக்ஸிகியூட்டிவ் 7 அங்குலத் திரையோடு வந்தபோது அதன் விலை 2,495 டாலர். மாதம் 10,000 கணினி விற்ற நிறுவனம் 1983 செப்டம்பரில் திவால் மனு கொடுத்தது. ஒரே ஓர் அறிவிப்பின் தலையில் இத்தனையையும் ஏற்றுவது நியாயமில்லை.

கொன்றை:

பிளக் தயாராகிவிட்டது. திரை வந்துவிட்டது! கறுப்பு வெள்ளை எழுத்துகள் ஊசி முனையில் எழுதியது போல அவ்வளவு கூர்மை. நீங்கள் சொன்ன செய்தி அப்படியே நிற்கிறது.

ஆனால் முதியவர் கொடுத்த சிபி/எம் வட்டைச் செருகி ரிட்டர்ன் அழுத்தினால் பூட் எரர் (தொடங்க முடியவில்லை) என்று வருகிறது. வேறு வட்டுகளிலும் அதேதான். வட்டின் சாளரத்தில் வெண்மையாகத் திட்டுத் திட்டாக ஏதோ தெரிகிறது.

பழையபெட்டி:

அது பூஞ்சை. அந்த வட்டுகளை இனி டிரைவில் போடாதீர்கள். பூஞ்சை தலையில் ஒட்டும். ஒட்டிய தலை அடுத்த வட்டின் பூச்சைச் சுரண்டிவிடும். ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலில் நனைத்த பஞ்சுக் குச்சியால் தலையை மெல்லத் துடையுங்கள். இது ஒற்றைப் பக்க டிரைவ். வட்டின் மறுபக்கம் தலைக்கு எதிரே ஒரு சிறு கம்பளித் திண்டு இருக்கும். அது உதிர்ந்திருந்தாலும் படிக்காது, பார்த்துவிடுங்கள்.

தேம்ஸ்கரை:

லண்டனிலிருந்து. புதிய சிபி/எம் வட்டு எழுதும் வழியை நான் சொல்கிறேன்.

ஆஸ்போர்ன் 1-இன் தொடக்க வட்டுகள் ஒற்றை அடர்த்தி கொண்டவை. 40 தடங்கள், தடத்துக்கு 10 பிரிவுகள், பிரிவுக்கு 256 பைட். பெருக்கினால் 1,02,400 பைட். முதல் மூன்று தடங்கள் இயங்குதளத்துக்குப் போக, மிச்சம் 90 கிலோபைட்டுக்குச் சற்று மேல். பழைய பிசிகளின் ஃபிளாப்பி கன்ட்ரோலர்களில் பலவற்றுக்கு ஒற்றை அடர்த்தியை எழுதவே தெரியாது. ஃபிளாப்பி டிரைவை இன்றைய கணினியோடு இணைக்கும் கிரீஸ்வீசல் என்ற சிறு யுஎஸ்பி பலகை வாங்குங்கள். அதற்கு இந்தக் கட்டுப்பாடு கிடையாது. வட்டுப் பிம்பங்கள், அதாவது ஒரு வட்டில் உள்ளதை அப்படியே படியெடுத்த கோப்புகள், இணைய ஆவணக் களஞ்சியங்களில் இருக்கின்றன.

எழுதும் டிரைவைத் தேர்ந்தெடுப்பதில்தான் பலர் வழுக்குகிறார்கள். 1.2 மெகாபைட் டிரைவில் 80 தடங்கள், தலையும் ஒடுக்கமானது. ஏற்கெனவே 40 தட டிரைவில் எழுதப்பட்ட வட்டில் அது எழுதினால் தடத்தின் நடுப்பகுதி மட்டும் மாறும், ஓரங்களில் பழைய எழுத்து அழியாமல் நிற்கும். ஆஸ்போர்னின் அகலமான தலை இரண்டையும் சேர்த்துப் படித்துக் குழம்பிவிடும். 360 கிலோபைட் டிரைவ் கிடைத்தால் அதையே பயன்படுத்துங்கள். கிடைக்காவிட்டால் இதுவரை எழுதப்படாத வட்டு, அல்லது காந்த அழிப்பானால் முழுதாக அழித்த வட்டு. எதுவானாலும் இரட்டை அடர்த்தி என்று அச்சிட்ட வட்டாக இருக்கட்டும். 1.2 மெகாபைட் வட்டுகள் இந்த டிரைவுக்கு ஒத்துவராது.

கொன்றை:

360 டிரைவே கிடைத்தது. நீங்கள் சொன்னபடி எழுதினேன். கட்டளைக்குக் காத்திருக்கும் குறியான ஏ> வந்துவிட்டது! கோப்புகளைப் பட்டியலிடும் டிஐஆர் கட்டளை வேலை செய்கிறது, சூப்பர்கால்க் ஓடுகிறது. இருவருக்கும் எப்படி நன்றி சொல்வதென்று தெரியவில்லை.

ஒரே ஒரு சந்தேகம். சில நிரல்களில் வரிகள் வலது ஓரத்தில் வெட்டுப்பட்டுப் போகின்றன. இதுவும் பழுதா?

பழையபெட்டி:

பழுதில்லை அம்மா. திரையில் ஒரு நேரத்தில் 52 எழுத்துகள், 24 வரிகள்தான் தெரியும். ஆனால் நினைவகத்தில் பக்கம் 128 எழுத்து அகலம். கன்ட்ரோல் விசையைப் பிடித்துக்கொண்டு அம்பு விசைகளை அழுத்துங்கள், சாளரம் பக்கவாட்டில் நகரும். பிள்ளைகளுக்கு அதை முதலில் காட்டுங்கள், அவர்களுக்கு மிகவும் பிடிக்கும்.

கொன்றை:

நகர்கிறது! பூஞ்சை இல்லாத வட்டுகளும் சில இருக்கின்றன, கையெழுத்தில் 'கடிதங்கள் 1983' என்று ஒட்டியிருக்கிறது. அவற்றைப் போட்டுப் பார்க்கலாமா?

தேம்ஸ்கரை:

ஆஸ்போர்னில் போடாதீர்கள். முதலில் முதியவரைத் தொலைபேசியில் கேளுங்கள், அவருடைய சொந்தக் கடிதங்கள் அவை. அவர் சரி என்றால், வட்டு உறையின் ஓரத்தில் உள்ள சதுர வெட்டின்மேல் நாடா ஒட்டி எழுத முடியாதபடி செய்துவிட்டு, கிரீஸ்வீசல் வழியாகப் பிம்பம் எடுங்கள். படிக்கும்போது கீறும் ஓசை கேட்டால் உடனே நிறுத்தி, தலையைத் துடைத்துவிட்டு அடுத்த வட்டுக்குப் போங்கள். பிம்பம் கிடைத்ததும் அதிலிருந்து புதிய வட்டு எழுதி ஆஸ்போர்னில் வேர்ட்ஸ்டாரில் திறக்கலாம். அவருக்கும் ஒரு பிரதி அனுப்பிவிடுங்கள்.